தகுதி வேறு, தேர்வு வேறு: ஆசிரியர் வேலை விதிகள் நடந்து வந்த பாதை



பதிவு நீளமானது. நேரம் இருக்கும்போது நிதானமாகப் படியுங்கள். வேலைக்குக் காத்திருக்கும் பிள்ளைகளும், ஏற்கெனவே பள்ளிக்கூடத்தில் இருக்கும் என் பழைய மாணவர்களும் கட்டாயம் கடைசி வரை படிக்க வேண்டும்.

2025 செப்டம்பர் 1-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் ஆசிரியர் தகுதித் தேர்வு பற்றித் தீர்ப்பு சொன்ன பிறகு, விழுப்புரத்திலிருந்தும் திண்டிவனத்திலிருந்தும் எனக்கு வந்த தொலைபேசி அழைப்புகள் கொஞ்சநஞ்சமில்லை. ஒருவர், "ஐயா, இருபது வருஷம் பாடம் நடத்தின பிறகு எனக்குத் தகுதி இல்லை என்று எப்படிச் சொல்லலாம்?" என்று கேட்டார். இன்னொரு பெண், "சார், 2013-லேயே டெட் பாஸ் பண்ணிட்டேன், எனக்கு ஏன் இன்னும் வேலை வரல?" என்று கேட்டாள். இரண்டு பேரும் வேறு வேறு கேள்வி கேட்பதுபோலத் தெரியும். எனக்கு அது ஒரே கேள்வியாகத்தான் பட்டது. 'தகுதி' என்ற சொல்லைச் சட்டம் எப்படிப் படிக்கிறது என்பதுதான் அந்தக் கேள்வி.

நான் படித்தது ஆசிரியர் பயிற்சி. வக்கீல் படிப்பு இல்லை. ஆனால் எங்கள் தொழிலைச் சுற்றி நடந்த வழக்குகளை நாற்பது வருடமாகக் கவனித்து வருகிறேன். தெரிந்ததை வரிசையாகச் சொல்கிறேன்.

முதலில் பழைய கதை.

நம் தாத்தா காலத்துப் பள்ளிக்கூடங்களில் 'ஹையர் கிரேடு வாத்தியார்', 'செகண்டரி கிரேடு வாத்தியார்' என்று சொல்வார்கள். எட்டாம் வகுப்பு முடித்துப் பயிற்சி பெற்றவர் ஹையர் கிரேடு. எஸ்.எஸ்.எல்.சி. முடித்துப் பயிற்சி பெற்றவர் செகண்டரி கிரேடு. அந்த செகண்டரி கிரேடுதான் தமிழில் 'இடைநிலை ஆசிரியர்' ஆனது. இன்று பிளஸ் டூ முடித்து இரண்டு வருடம் பயிற்சி பெற்று ஒன்றாம் வகுப்புக்குப் பாடம் எடுப்பவரையும் ஏன் 'இடைநிலை' என்கிறோம் என்று பல பேர் கேட்டிருக்கிறீர்கள். காரணம் இதுதான். அவர் எடுக்கும் வகுப்பைப் பார்த்து வைத்த பெயர் அல்ல அது, அவர் படித்து வந்த படிப்பைப் பார்த்து வைத்த பெயர்.

அந்தக் காலத்தில் கணக்கு எளிது. பயிற்சிச் சான்றிதழ் கையில் இருந்தால் தகுதி உண்டு. வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிவு செய்த தேதிதான் தேர்வு. யார் முதலில் பதிந்தாரோ அவருக்கு முதலில் அழைப்பு. மூன்று வருடத்துக்கு ஒரு முறை அட்டையைப் புதுப்பிக்க மறந்தவர்களின் கண்ணீரையும் பார்த்திருக்கிறேன். அப்போது நாம் தென்னாற்காடு மாவட்டம், தலைநகர் கடலூர். 1993 செப்டம்பர் 30-இல்தான் விழுப்புரம் தனி மாவட்டம் ஆனது.

அந்த முறையில் குறைகள் இருந்தன. நாற்பது வயதில் முதல் சம்பளம் வாங்கியவர்கள் உண்டு. ஆனால் ஒரு குழப்பம் மட்டும் இல்லை. தகுதி என்றால் சான்றிதழ், தேர்வு என்றால் மூப்பு. இரண்டும் தனித்தனிப் பெட்டியில் இருந்தன. பின்னால் வந்த வழக்குகளில் பெரும்பாலானவை இந்த இரண்டு பெட்டியும் ஒன்றாகக் கலந்ததால் வந்தவை. அதுதான் நான் சொல்ல வரும் விஷயம்.

இனி நீதிமன்றங்கள் தகுதி விதியை எப்படிப் படித்தன என்று பார்ப்போம். நான்கு கேள்விகளாகப் பிரித்துக்கொள்கிறேன்.

முதல் கேள்வி: பெரிய படிப்பு இருந்தால் சின்னப் படிப்பும் இருப்பதாக எடுத்துக்கொள்ளலாமா?

பி.எட். படித்தவர் பத்தாம் வகுப்புக்கே பாடம் எடுக்கலாம். அப்படியானால் மூன்றாம் வகுப்புக்கு எடுக்க முடியாதா? கேட்பதற்கு நியாயமாகத்தான் இருக்கிறது. கேரளாவில் தொடக்கப் பள்ளி ஆசிரியர் பணிக்கு இப்படி ஒரு வழக்கு வந்தது. பி.எம். லதா வழக்கு என்று சொல்வார்கள். 2003-இல் உச்ச நீதிமன்றம் சொன்ன பதிலின் சாரம் இது: ஆசிரியர் பயிற்சிச் சான்றிதழும் பி.எட். பட்டமும் ஒரே ஏணியின் கீழ்ப்படி, மேல்படி அல்ல. சிறு குழந்தைக்குக் கற்பிக்கும் பயிற்சி வேறு, வளர்ந்த பிள்ளைக்குக் கற்பிக்கும் பயிற்சி வேறு. விளம்பரத்தில் எந்தப் பயிற்சி கேட்டார்களோ அதுதான் தகுதி.

இருபது வருடம் கழித்து அதே கேள்வி மறுபடி வந்தது. தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம், அதாவது என்.சி.டி.இ., 2018 ஜூன் 28-இல் ஓர் அறிவிக்கை வெளியிட்டது. பி.எட். படித்தவர்களும் ஒன்று முதல் ஐந்தாம் வகுப்பு வரை ஆசிரியராகலாம், வேலையில் சேர்ந்த பிறகு ஆறு மாதப் பயிற்சி பெற்றால் போதும் என்றது. ராஜஸ்தானில் பிரச்சினை வெடித்தது. தேவேஷ் சர்மா வழக்கில் 2023 ஆகஸ்ட் 11 அன்று உச்ச நீதிமன்றம் அந்த அறிவிக்கை செல்லாது என்றது. அரசியல் சட்டத்தின் 21-ஏ பிரிவு தரும் உரிமை வெறும் பள்ளிக்கூடத்துக்கான உரிமை இல்லை, நல்ல கல்விக்கான உரிமை, அதற்குச் சிறு குழந்தைகளுக்கென்றே பயிற்சி பெற்ற ஆசிரியர் வேண்டும் என்பது அதன் அடிப்படை. அதற்கு முன்பே வேலையில் சேர்ந்துவிட்டவர்களைக் காப்பாற்றும் விதமாக 2024 ஏப்ரலில் விளக்கமும் தந்தது.

நம் ஊரில் 'வெறும் டீச்சர் டிரெயினிங்' என்று சொல்லும் பழக்கம் உண்டு. கல்யாணப் பத்திரிகையில் பி.எட். போடுவார்கள், டி.டி.எட். போட யோசிப்பார்கள். அந்த 'வெறும்' என்ற சொல்லை நாட்டின் உச்ச நீதிமன்றமே இரண்டு முறை நீக்கியிருக்கிறது. அ, ஆ எழுதத் தெரியாமல் வரும் ஐந்து வயதுக் குழந்தையை, ஒரு வருடத்தில் தன் பெயரைத் தானே எழுத வைப்பது ஒரு தனிக் கலை. அதைச் செய்தவர்களுக்குத்தான் அதன் அருமை தெரியும்.

இதோடு சேர்ந்த இன்னொரு விஷயம், படித்த வரிசை. பத்தாம் வகுப்பு, பிளஸ் டூ, பட்டம் என்று வரிசையாகப் படிக்காமல், திறந்தநிலைப் பல்கலைக்கழகம் வழியாக நேரே பட்டம் வாங்கியவர்கள் நம் பக்கத்தில் நிறைய. அண்ணாமலைப் பல்கலைக்கழகம் சம்பந்தப்பட்ட வழக்கில் 2009 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம், அடிப்படைப் பட்டம் இல்லாமல் நேராக வாங்கிய முதுகலைப் பட்டம் செல்லாது என்றது. அதே ஆண்டு ஆகஸ்ட் 18-இல் தமிழக அரசு அரசாணை 107 வெளியிட்டது. பத்தாம் வகுப்பும் பிளஸ் டூவும் முடிக்காமல் திறந்தநிலையில் வாங்கிய பட்டம் அரசு வேலைக்கு ஏற்கப்படாது என்றது. பட்டம் உண்மையானது, பல்கலைக்கழகமும் உண்மையானது, ஆனால் வேலைக்குத் தகுதி ஆகாது. இதைத் தெரிந்துகொள்ளாமல் பணமும் வருடங்களும் இழந்தவர்களை நான் அறிவேன்.

இரண்டாவது கேள்வி: எந்தத் தேதியில் தகுதி இருக்க வேண்டும்?

கடைசிப் பருவத் தேர்வு எழுதிவிட்டு, ரிசல்ட் வருவதற்குள் விண்ணப்பம் போடுகிற பிள்ளைகள் எல்லாக் காலத்திலும் உண்டு. 'நேர்காணலுக்குள் சான்றிதழ் வந்துவிடும் சார்' என்பார்கள். ராஜஸ்தான் பல்கலைக்கழக ஆசிரியர் நியமனம் பற்றிய ரேகா சதுர்வேதி வழக்கில் 1993-இல் உச்ச நீதிமன்றம் இதற்குத் தெளிவான விடை சொன்னது. விண்ணப்பிக்கக் கடைசித் தேதி எதுவோ அன்று தகுதி கையில் இருக்க வேண்டும். அறிவிப்பிலேயே வேறு தேதி சொல்லியிருந்தால் அந்தத் தேதி. 1997-இல் அசோக் குமார் சர்மா வழக்கிலும் இதையே உறுதி செய்தது.

கடுமையாகத் தோன்றும். ஆனால் காரணத்தைப் பாருங்கள். ரிசல்ட் வராத ஒருவர் துணிந்து விண்ணப்பம் போட்டார். அதே நிலையில் இருந்த இன்னொரு பிள்ளை, அறிவிப்பை மதித்து, 'நமக்கு இன்னும் தகுதி இல்லை' என்று விண்ணப்பம் போடாமல் இருந்தாள். முதலாமவருக்கு வேலை கொடுத்தால், விதியை மதித்த அந்தப் பிள்ளைக்கு அநியாயம் செய்ததாகாதா? வழக்கு மன்றத்துக்கு வராத அந்தப் பிள்ளையையும் நீதிபதிகள் நினைத்துப் பார்த்தார்கள். எனக்கு இது சரியென்றே படுகிறது.

மூன்றாவது கேள்வி: பரீட்சை நடந்த பிறகு விதியை மாற்றலாமா?

இங்கேதான் நம் தமிழ்நாட்டுக் கதை வருகிறது.

இலவசக் கட்டாயக் கல்வி உரிமைச் சட்டம் 2009-இல் இயற்றப்பட்டு, 2010 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. அதன் 23-ஆம் பிரிவுதான் ஆசிரியர் தகுதி பற்றியது. அந்தப் பிரிவின்படி என்.சி.டி.இ. 2010 ஆகஸ்ட் 23-இல் அறிவிக்கை வெளியிட்டது. ஒன்று முதல் எட்டாம் வகுப்பு வரை பாடம் எடுக்க, பயிற்சிச் சான்றிதழோடு தகுதித் தேர்விலும் தேர்ச்சி பெற வேண்டும் என்றது. தமிழக அரசு 2011 நவம்பர் 15-இல் அரசாணை 181 மூலம் அந்தத் தேர்வை நடத்தும் பொறுப்பை ஆசிரியர் தேர்வு வாரியத்திடம் கொடுத்தது.

முதல் தேர்வு 2012 ஜூலை 12. ஆறரை லட்சம் பேருக்கு மேல் எழுதினார்கள். 150 கேள்விக்கு ஒன்றரை மணி நேரம். தேர்ச்சி பெற்றவர்கள் மாநிலம் முழுவதும் 2,448 பேர். நூற்றுக்கு ஒருவர்கூட இல்லை. 'ஆசிரியர்களுக்கே ஒன்றும் தெரியவில்லை' என்று டீக்கடையில் சிரித்தார்கள். நேரம் போதவில்லை என்பதை யாரும் சொல்லவில்லை. அக்டோபர் 14-இல் மறுபடி தேர்வு வைத்து, நேரத்தை மூன்று மணி ஆக்கினார்கள். தேர்ச்சி சுமார் 19 ஆயிரமாக உயர்ந்தது.

அதே அக்டோபர் 5-இல் அரசாணை 252 வந்தது. கலப்பு ஆரம்பித்த இடம் இதுதான். என்.சி.டி.இ. 2011 பிப்ரவரி 11-இல் கொடுத்த வழிகாட்டுதலில் இரண்டு விஷயம் இருந்தது. தகுதித் தேர்வில் தேர்ச்சி பெற்றால் மட்டும் வேலைக்கு உரிமை வந்துவிடாது, அது தகுதிகளில் ஒன்று மட்டுமே என்பது ஒன்று. வேலைக்கு ஆள் எடுக்கும்போது அந்த மதிப்பெண்ணுக்கு முக்கியத்துவம் தர வேண்டும் என்பது இன்னொன்று. முதல் வரி தேர்வை வாசல் என்கிறது. இரண்டாவது வரி அதையே நாற்காலிக்கான போட்டியாகவும் ஆக்குகிறது. நம் அரசு இரண்டையும் சேர்த்து 'வெயிட்டேஜ்' முறை கொண்டு வந்தது.

அதில் படி முறை இருந்தது. டெட்டில் 60 முதல் 70 சதவீதத்துக்குள் எடுத்தவருக்கு 42 மதிப்பெண், 70 முதல் 80-க்குள் 48, 80 முதல் 90-க்குள் 54, அதற்கு மேல் 60. கணக்கு வாத்தியார் கண்ணால் பாருங்கள். 150-க்கு 90 எடுத்தவருக்கும் 42, 104 எடுத்தவருக்கும் 42. ஆனால் 105 எடுத்தவருக்கு 48. பதினான்கு மதிப்பெண் வித்தியாசத்துக்கு மதிப்பே இல்லை, ஒரு மதிப்பெண் வித்தியாசத்துக்கு ஆறு மதிப்பெண்! 2014 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்றம் இந்தப் படி முறை சரியில்லை என்றது. மே 30-இல் அரசாணை 71 வந்தது. இனிப் படி இல்லை, எடுத்த மதிப்பெண்ணுக்கு ஏற்ற விகிதம். இடைநிலை ஆசிரியருக்குப் பிளஸ் டூ 15, பயிற்சி 25, டெட் 60. பட்டதாரி ஆசிரியருக்குப் பிளஸ் டூ 10, பட்டம் 15, பி.எட். 15, டெட் 60.

இதற்கிடையில் இன்னொன்று நடந்தது. 2013 ஆகஸ்ட் 17, 18 தேதிகளில் அடுத்த தேர்வு நடந்தது. தேர்ச்சிக்கு 60 சதவீதம், அதாவது 90 மதிப்பெண். ரிசல்ட்டும் வந்தது. அதற்குப் பிறகு 2014 பிப்ரவரி 6-இல் அரசாணை 25 மூலம், இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 5 சதவீதம் தளர்வு கொடுத்து 55 சதவீதம் ஆக்கினார்கள். 82 எடுத்தால் போதும். முன்பே நடந்து முடிந்த 2013 தேர்வுக்கும் இது பொருந்தும் என்றார்கள்.

90-க்கு மேல் எடுத்தவர்கள் கொதித்தார்கள். 'பந்தயம் ஓடி முடிந்த பிறகு கோட்டை நகர்த்திவிட்டார்கள்' என்றார்கள். 82-லிருந்து 89 வரை எடுத்தவர்களோ, 'மற்ற மாநிலங்களில் கொடுத்த சலுகையை நமக்குத் தாமதமாகவாவது கொடுத்தார்களே' என்றார்கள். ஒரே தெருவில் இரண்டு வீட்டிலும் என் மாணவர்கள். யாருக்கு நான் ஆறுதல் சொல்வது?

2014 செப்டம்பரில் நீதிமன்றமும் இரண்டாகப் பிரிந்தது. சென்னையில் அரசாணைகள் செல்லும் என்றார்கள். சில நாட்களிலேயே மதுரைக் கிளை அரசாணை 25 செல்லாது என்றது. வழக்கு உச்ச நீதிமன்றம் போனது. 2016 நவம்பர் 9 அன்று, வி. லாவண்யா வழக்கில், தளர்வும் செல்லும், வெயிட்டேஜும் செல்லும் என்று தீர்ப்பு வந்தது. சலுகை தரும் அதிகாரத்தை என்.சி.டி.இ. வழிகாட்டுதலே மாநிலத்துக்குக் கொடுத்திருக்கிறது, எதற்கு எவ்வளவு எடை என்பது அரசின் கொள்கை முடிவு, அதில் நீதிமன்றம் தலையிடாது என்பது சாரம்.

சட்டப்படி விடை கிடைத்துவிட்டது. மனிதர்களுக்கு? ஒரு கற்பனைக் கணக்கு போடுகிறேன். 1990-களில் பிளஸ் டூ படித்த ஒருவர் 60 சதவீதம், பயிற்சியில் 70 சதவீதம், டெட்டில் 96 மதிப்பெண். அவருக்கு 9, 17.5, 38.4, ஆக மொத்தம் 64.9. பத்து வருடம் பிந்திப் படித்த இன்னொருவர் பிளஸ் டூவில் 90 சதவீதம், பயிற்சியில் 85 சதவீதம், டெட்டில் 84 மதிப்பெண். அவருக்கு 13.5, 21.25, 33.6, ஆக மொத்தம் 68.35. தகுதித் தேர்வில் பன்னிரண்டு மதிப்பெண் குறைவாக எடுத்தவர் முந்திவிடுகிறார். அந்தக் காலத்தில் பிளஸ் டூவில் 60 சதவீதம் எடுப்பது எவ்வளவு சிரமம் என்று எங்களுக்குத் தெரியும். விடைத்தாள் திருத்தும் கை அப்போது இறுக்கம். மூத்தவர்கள் இந்த வாதத்தையும் உச்ச நீதிமன்றத்தில் வைத்தார்கள். ஏற்கப்படவில்லை.

போனில் கேட்ட அந்தப் பெண்ணும் இதில் சிக்கியவள்தான். திண்டிவனம் பக்கத்துக் கிராமம். 2013-இல் 88 மதிப்பெண். முதல் ரிசல்ட்டில் ஃபெயில். பிப்ரவரி அரசாணையில் பாஸ். மே மாத அரசாணையில் வரிசையில் பின்னால் போய்விட்டாள். பரீட்சை ஒன்று, மதிப்பெண் ஒன்று, ஆனால் ஒன்பது மாதத்துக்குள் மூன்று நிலை. அவள் எழுதிய விடைத்தாள் மாறவில்லை. அதைப் படித்த விதிதான் மாறிக்கொண்டே இருந்தது.

2018 ஜூலை 20-இல் அரசாணை 149 வந்தது. தகுதித் தேர்வு தனி, வேலைக்கான போட்டித் தேர்வு தனி என்று பிரித்தது. அதன்படி இடைநிலை ஆசிரியர் போட்டித் தேர்வு 2024 ஜூலை 21-இல் நடந்தது. ஒரு விதத்தில் இது பழைய இரண்டு பெட்டி முறைக்குத் திரும்பியது. ஆனால் நடுவில் காத்திருந்தவர்களுக்கு இது இன்னொரு சுவர். ஒரு பரீட்சையில் ஜெயித்துவிட்டு, ஐந்து வருடம் காத்திருந்து, 'இன்னொன்று எழுது' என்றால் மனசு என்ன பாடுபடும்? 2020-இல் 40 வயது உச்சவரம்பும் வந்து சேர்ந்தது. பிறகு போராட்டங்களுக்குப் பின் படிப்படியாக உயர்த்தி, 2023-இல் பொதுப் பிரிவுக்கு 53, மற்றவர்களுக்கு 58 ஆக்கினார்கள்.

ஒரு நல்ல செய்தியும் உண்டு. டெட் சான்றிதழுக்கு முதலில் ஏழு வருடம்தான் ஆயுள். 2021 ஜூனில் மத்திய அரசு அதை ஆயுள் முழுவதும் செல்லும் என்று, 2011-லிருந்தே பொருந்தும்படி மாற்றியது. ஆகவே 2013 சான்றிதழை யாரும் தூக்கிப் போட வேண்டாம். அந்த வாசல் உங்களுக்குத் திறந்தே இருக்கிறது.

'ஆட்டம் தொடங்கிய பிறகு விதியை மாற்றாதே' என்ற கொள்கையை 2024 நவம்பர் 7-இல் தேஜ் பிரகாஷ் பாடக் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு உறுதி செய்திருக்கிறது. ஆனால் ஒரு நிபந்தனையோடு. ஏற்கெனவே உள்ள விதியோ அறிவிப்போ மாற்றத்துக்கு இடம் கொடுத்திருந்தால் மாற்றலாம். ஆகவே அறிவிப்பில் சின்ன எழுத்தில் இருக்கும் 'மாற்றத்துக்கு உட்பட்டது' என்ற வரியைச் சாதாரணமாக நினைக்காதீர்கள்.

நான்காவது கேள்வி: ஏற்கெனவே உள்ளே இருப்பவருக்குப் புதிய தகுதி பொருந்துமா?

இதுதான் இப்போது பலருடைய தூக்கத்தைக் கெடுக்கும் கேள்வி.

2010 ஆகஸ்ட் அறிவிக்கையில், அதற்கு முன் பழைய விதிப்படி முறையாக நியமிக்கப்பட்டவர்களுக்குப் புதிய குறைந்தபட்சத் தகுதி தேவையில்லை என்று ஒரு பத்தி இருந்தது. நம் ஆட்கள் அதை நம்பினார்கள். நம்பியதில் தவறே இல்லை. சென்னை உயர் நீதிமன்றமும் 2023 ஜூன் 2-இல், 2011 ஜூலை 29-க்கு முன் சேர்ந்தவர்கள் பணியில் தொடர டெட் தேவையில்லை, பதவி உயர்வுக்கு மட்டும் தேவை என்று சொன்னது.

ஆனால் சட்டத்தின் 23-ஆம் பிரிவில் வேறொரு வரி இருக்கிறது. சட்டம் வந்த நாளில் பணியில் இருந்து, குறைந்தபட்சத் தகுதி இல்லாதவர்கள் ஐந்து வருடத்துக்குள் அதைப் பெற வேண்டும் என்கிறது அது. 2017-இல் சட்டத்தைத் திருத்தி 2019 மார்ச் 31 வரை அவகாசம் கொடுத்தார்கள். அறிவிக்கை வேண்டாம் என்கிறது, சட்டம் வேண்டும் என்கிறது. இரண்டும் மோதினால்? அறிவிக்கை பிள்ளை, சட்டம் தாய். அஞ்சுமன் இஷாத்-இ-தலீம் வழக்கில் 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் சட்டத்தின் பக்கம் நின்றது.

தீர்ப்பின் நடைமுறைப் பகுதி இது. ஒன்று முதல் எட்டாம் வகுப்பு வரை எடுக்கும் ஆசிரியர்களில், தீர்ப்பு நாளில் ஓய்வுக்கு ஐந்து வருடத்துக்குக் குறைவாக இருப்பவர்கள் டெட் இல்லாமலேயே ஓய்வு பெறும் வரை தொடரலாம். ஆனால் பதவி உயர்வு கிடையாது. ஐந்து வருடத்துக்கு மேல் இருப்பவர்கள் இரண்டு வருடத்துக்குள், அதாவது 2027 செப்டம்பர் தொடக்கத்துக்குள், தேர்ச்சி பெற வேண்டும். இல்லாவிட்டால் பணியை விட வேண்டும், உரிய ஓய்வுப் பலன்கள் உண்டு. சிறுபான்மைப் பள்ளிகளுக்கு இது பொருந்துமா என்பதைப் பெரிய அமர்வுக்கு அனுப்பியிருக்கிறார்கள். ஏனென்றால் 2014-இல் பிரமதி வழக்கில், சிறுபான்மைப் பள்ளிகளுக்குக் கல்வி உரிமைச் சட்டமே பொருந்தாது என்று ஐந்து நீதிபதிகள் சொல்லியிருந்தார்கள். தீர்ப்பை மறுஆய்வு செய்யக் கேட்டுத் தமிழக அரசும் நீதிமன்றத்தை அணுகியது.

என் மனசில் பட்டதைச் சொல்லிவிடுகிறேன். குழந்தைக்கு நல்ல ஆசிரியர் வேண்டும் என்பதில் எனக்கு மறுப்பு இல்லை. தகுதி கேட்பது அவமானமும் இல்லை. டாக்டருக்கும் டிரைவருக்கும் கேட்கிறோம், ஆசிரியருக்குக் கேட்கக் கூடாதா? ஆனால் தகுதி என்பது வாசலில் நின்று பார்க்க வேண்டியது. வீட்டுக்குள் அழைத்து, பந்தியில் உட்கார வைத்து, பாதிச் சாப்பாட்டில் அழைப்பிதழ் கேட்பது பண்பாகாது. முப்பது வயதில் அரசு கேட்ட அத்தனை தகுதியோடும் சேர்ந்தவரை, நாற்பத்தெட்டு வயதில் இருபத்திரண்டு வயதுப் பிள்ளைகளோடு உட்கார்ந்து அதே தாளை எழுதச் சொல்கிறோம். வகுப்பறையில் அவர் பழகிய திறமையை 150 கொள்குறி வினாக்கள் அளந்துவிடுமா? பணியிலிருப்பவருக்கு வேறு வகை மதிப்பீடும் பயிற்சியும் இருக்கலாம் என்பது என் கருத்து. அதைச் செய்ய வேண்டியது நாடாளுமன்றம். நீதிமன்றம் எழுதியிருப்பதைத்தான் படிக்க முடியும்.

ஆனால் கோபம் வேறு, காலண்டர் வேறு. மறுஆய்வில் நல்லது நடக்கும் என்று புத்தகத்தைத் திறக்காமல் இருக்காதீர்கள். பணியில் இருக்கும் என் மாணவர்களுக்கு ஒன்று சொல்வேன். நீங்கள் தினமும் நடத்தும் பாடம்தான் அந்தத் தேர்வில் பெரும்பகுதி. குழந்தை உளவியல் பகுதி 30 மதிப்பெண். அதைப் பயிற்சிக் காலத்தில் படித்துவிட்டு மறந்திருப்பீர்கள். அங்கிருந்து ஆரம்பியுங்கள். திண்டிவனத்தில் நாலு பேர், விழுப்புரத்தில் நாலு பேர் என்று சேர்ந்து ஞாயிற்றுக்கிழமை படியுங்கள். தனியாகப் படித்தால்தான் பயம் வரும். இடம் இல்லையென்றால் என் வீட்டுத் திண்ணை இருக்கிறது.

காத்திருக்கும் பிள்ளைகளுக்கும் சில வார்த்தைகள். அறிவிப்பு வந்ததும் முழுவதையும் அச்செடுத்து வைத்துக்கொள்ளுங்கள். யூடியூபில் யாரோ சொல்வதை நம்பாதீர்கள். கடைசித் தேதியைச் சிவப்பில் வட்டமிடுங்கள். உங்கள் சான்றிதழ்களின் தேதி எல்லாம் அதற்கு முந்தியதா என்று பாருங்கள். எந்த வகுப்புக்கு எந்தப் பயிற்சி கேட்கிறார்கள் என்று பாருங்கள். பட்டத்தின் பெயர் பாடத்தின் பெயரோடு பொருந்தாவிட்டால், இணையானது என்று சொல்லும் அரசாணை இருக்கிறதா என்று தேடி, அதன் எண்ணைக் கையில் வைத்திருங்கள். சான்றிதழ் சரிபார்ப்பு மேசையில் 'சமம்தான் சார்' என்ற வாய்வார்த்தை செல்லாது, அரசாணை எண்தான் செல்லும்.

பெற்றோர்களுக்கும் ஒன்று. தகுதித் தேர்வில் தேர்ச்சி பெற்றும் வேலை வராத பிள்ளையைப் பார்த்து, 'பாஸ் பண்ணிட்டேன்னு சொன்னியே' என்று கேட்காதீர்கள். அவள் பொய் சொல்லவில்லை. அவள் வாசலைத் தாண்டிவிட்டாள். உள்ளே நாற்காலி போட வேண்டியவர்கள்தான் இன்னும் போடவில்லை.

இதில் ஏதாவது விவரம் கூடுதலாகத் தெரிந்தவர்கள் கருத்துப் பகுதியில் எழுதுங்கள், எல்லோருக்கும் பயன்படும். தேர்வு எழுதப் போகிறவர்கள் பெயரையும் ஊரையும் எழுதுங்கள். பக்கத்து ஊர்க்காரர்களைச் சேர்த்துவிடுகிறேன்.

எல்லோரும் நலமாக இருங்கள்.

அன்புடன்,
உங்கள் பழைய வாத்தியார்